சொந்த மனைவியையே அடையாளம் தெரியாத கணவன்: ‘மைட்டி லைக் எ மூஸ்’ (1926) பற்றிப் பேசலாமா?

பழஞ்சுருள்

மௌனப்பட நகைச்சுவை என்றாலே சாப்ளின், பஸ்டர் கீட்டன், ஹரால்ட் லாயிட் மூவரோடு நம் பேச்சு முடிந்துவிடுகிறது. இந்த இழையில் சார்லி சேஸுக்குக் கொஞ்சம் இடம் கேட்கிறேன். அதிலும் ஒரே ஒரு படத்தை மையமாக வைத்துப் பேசலாம்: 1926-இல் வந்த ‘மைட்டி லைக் எ மூஸ்’. ஹால் ரோச் ஸ்டூடியோ தயாரிப்பு, லியோ மெக்கேரி இயக்கம், இரண்டு ரீல். அரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும்.

பார்க்காதவர்களுக்குக் கதை. மூஸ் என்று ஒரு குடும்பஸ்தர் (சேஸ்தான்). முன்பற்கள் உதட்டைத் தாண்டி வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும். அவர் மனைவிக்கோ மூக்கு மிகப் பெரிது. மனைவியின் முகம் கடிகாரத்தை நிறுத்திவிடும், கணவனின் முகம் அதை மறுபடி ஓடவைக்கும் என்று ஆரம்ப எழுத்து அட்டையே இருவரையும் அறிமுகப்படுத்திவிடுகிறது. (ரோச் படங்களுக்கு இந்த அட்டைகளை எழுதியவர் எச். எம். வாக்கர்.) கணவனுக்குத் தெரியாமல் மனைவி மூக்கைச் சரிசெய்துகொள்கிறாள். மனைவிக்குத் தெரியாமல் கணவன் பல்லைச் சரிசெய்துகொள்கிறான். இரண்டும் ஒரே நாளில் நடக்கிறது. சிகிச்சை முடிந்து வெளியே வந்தவர்கள் சந்திக்கிறார்கள், யார் என்று தெரியாமலேயே ஒருவரை ஒருவர் பிடித்துப்போகிறது. சாயங்காலம் ஒரு விருந்துக்குச் சேர்ந்து போகலாம் என்று முடிவாகிறது. இருவருமே கல்யாணமானவர்கள் என்பதால் இருவருக்குமே உள்ளுக்குள் உதறல்.

உடை மாற்ற வீட்டுக்குத்தான் வந்தாக வேண்டும். இருவருக்கும் ஒரே வீடு! வீட்டில் இருக்கும் ‘பழைய’ துணையின் கண்ணில் பட்டுவிடக்கூடாது என்று இருவரும் அறை அறையாக ஒளிந்து ஓடும் பகுதி இருக்கிறதே, வீட்டுக்குள் நடக்கும் ஆள்மாறாட்டக் கதைகளில் அதற்கு ஈடாக நான் எதையும் பார்த்ததில்லை. யாரிடமிருந்து ஒளிகிறார்களோ அவர்களுக்காகவேதான் சிங்காரித்துக்கொள்கிறார்கள்.

பார்த்தவர்கள் சொல்லுங்கள். இதை நம்ப முடிகிறதா? நம்பத்தான் வேண்டுமா?

---

டிக்காஷன்

நான் பார்த்தேன், நன்றாகச் சிரித்தேன். ஆனால் நம்பவில்லை. பல் மாறினால் ஆளே மாறிவிடுவாரா? நடை இருக்கிறது, தோள் இருக்கிறது, கை விரல் இருக்கிறது. தினமும் எதிரே உட்கார்ந்து சாப்பிடுகிற மனுஷனை ஒரு பல் வைத்தியர் இப்படி மறைத்துவிட முடியும் என்றால் அந்தக் கல்யாணத்தில் வேறு ஏதோ கோளாறு. படம் அதைப் பற்றி யோசிக்கவில்லை என்பது என் குறை. ஒரு வசதிக்காக வைத்துக்கொண்ட பொய் அது.

---

பழஞ்சுருள்

டிக்காஷன் சார், நீங்கள் நடை, தோள், விரல் என்று அடுக்கினீர்கள். ஒன்றை விட்டுவிட்டீர்கள்: குரல்.

வீட்டு மனுஷரை நாம் பாதி நேரம் குரலை வைத்துத்தான் அறிகிறோம். அடுத்த அறையில் ஒருவர் இருமினால் போதும், யார் என்று தெரிந்துவிடும். அந்தச் சந்திப்பில் மூஸ் வாயைத் திறந்து ‘வணக்கம்’ என்று சொல்லியிருந்தால் அந்த அம்மாள் அங்கேயே திகைத்து நின்றிருப்பாள். கதை அந்த நொடியே முடிந்திருக்கும். அவர்கள் பேசத்தான் செய்கிறார்கள், உதடு அசைகிறது. நமக்குத்தான் கேட்பதில்லை. நமக்குக் கேட்காததால் அவர்களுக்கும் கேட்பதில்லை என்று மனம் ஒப்புக்கொண்டுவிடுகிறது. மௌனப்படத்தில் மனிதன் என்றால் முகமும் உடம்பும் மட்டும்தான், ஆகவே முகம் மாறினால் ஆளும் மாறிவிடுகிறான்.

அதனால் அதை வசதிக்கான பொய் என்று நான் எடுத்துக்கொள்ள மாட்டேன். மௌனப்படத்தால் மட்டுமே சொல்ல முடிகிற கதை அது. பேசும்படம் வந்த பிறகு இதே கதையை இப்படி எடுக்கவே முடியாது என்பது என் உறுதியான எண்ணம்.

---

மேடைப்பலகை

நாடகப் பக்கத்திலிருந்து ஒரு வார்த்தை. குடும்பத்துக்குள் ஆள்மாறாட்டம் என்பது மேடையில் ரொம்பப் பழைய சரக்கு. ரோமானிய நாடகாசிரியர் ப்ளாட்டஸ் இரட்டையர்களை வைத்து ‘மெனெக்மி’ எழுதினார். ஷேக்ஸ்பியர் அதை எடுத்து, எஜமானர்களோடு வேலைக்காரர்களையும் இரட்டையர்களாக்கி ‘காமெடி ஆஃப் எரர்ஸ்’ செய்தார். அதே ப்ளாட்டஸின் ‘ஆம்ஃபிட்ரியோன்’ நாடகத்தில் கணவனின் உருவத்தில் கடவுளே வந்து மனைவியிடம் நிற்கிறார். கவனியுங்கள், மேடையில் மனைவி கணவனைத் தவறாக எண்ண வேண்டும் என்றால் ஒன்று இரட்டைப் பிறவி வேண்டும், இல்லை கடவுள் வேண்டும். அவ்வளவு பெரிய காரணம் இல்லாமல் மேடை ஒப்புக்கொள்ளாது. மௌனப்படத்துக்கு ஒரு பல் வைத்தியர் போதுமானதாக இருந்திருக்கிறது. பழஞ்சுருள் சொல்லும் காரணம் சரியாகத்தான் படுகிறது.

ஆனால் ஒன்று. ப்ளாட்டஸிலும் ஷேக்ஸ்பியரிலும் மனைவி வேறொருவனைக் கணவன் என்று நினைக்கிறாள். ‘மூஸ்’ அதைத் தலைகீழாக்குகிறது. கணவனையே வேறொருவன் என்று நினைக்கிறாள். இந்தத் திருப்பத்தில் ஒரு கனிவும் இருக்கிறது, ஒரு குத்தலும் இருக்கிறது. தவறு செய்யப் போனவர்கள் சொந்தத் துணையின் மேல்தான் காதல் கொள்கிறார்கள். யாருக்கும் துரோகம் நடக்கவில்லை, ஆனால் இருவர் மனசும் துரோகத்துக்குத் தயாராகிவிட்டது. இருபது சொச்சம் நிமிடத்தில், வயிறு வலிக்கச் சிரிக்க வைத்துக்கொண்டே இதைச் சொல்ல முடிந்திருப்பது எனக்கு இன்றும் பிரமிப்புதான்.

---

டிக்காஷன்

குரல் பற்றிய வாதத்தை ஏற்கிறேன். அப்படியென்றால் சாப்ளினின் ‘தி ஐடில் கிளாஸ்’ (1921) உங்கள் கட்சிக்கு இன்னும் பலமான சாட்சி. அதில் சாப்ளினுக்கு இரண்டு வேடம்: குடிகாரப் பணக்காரக் கணவன், பரதேசி. எட்னா பர்வியன்ஸ் மனைவி. மாறுவேட விருந்துக்குக் கணவன் இரும்புக் கவசம் போட்டுக்கொண்டு வருகிறான், முகமூடி சிக்கிக்கொள்கிறது, கழற்ற வரவில்லை. போலீஸுக்குப் பயந்து அதே விருந்துக்குள் பரதேசி நுழைகிறான். அவன் கிழிந்த உடுப்பை எல்லோரும் மாறுவேடம் என்று எடுத்துக்கொள்கிறார்கள். மனைவி அவனையே கணவன் என்று நினைத்துக் கொஞ்சுகிறாள். கவசத்துக்குள் இருக்கும் அசல் கணவன் தன் மனைவி வேறொருவனோடு குழைவதைப் பார்த்துத் துடிக்கிறான். அவனால் ‘நான்தான்டி இங்கே இருக்கிறேன்’ என்று சொல்ல முடியவில்லை. மௌனப்படத்தில் முகம் மூடிக்கொண்டால் மனிதனுக்கு எதுவுமே மிச்சமில்லை.

அந்தப் படத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடம் வேறு. குடியை விடும்வரை தனி அறையில்தான் இருப்பேன் என்று மனைவி கடிதம் வைத்துவிட்டுப் போகிறாள். கணவன் படிக்கிறான், நமக்கு முதுகு காட்டித் திரும்பிக்கொள்கிறான், தோள்கள் குலுங்குகின்றன. அழுகிறான் பாவம் என்று நாம் நினைக்கும்போது திரும்புகிறான். கையில் காக்டெயில் குலுக்கும் குடுவை! முகம் தெரியாதபோது உடம்பு சொல்வதை நாமே தப்பாகப் படிக்கிறோம். பின்னால் விருந்தில் அவன் மனைவி செய்யும் தவறை, நம்மை முன்கூட்டியே செய்ய வைத்துவிடுகிறார் சாப்ளின்.

---

கத்தரிமேசை

படத்தொகுப்பு வேலையில் இருக்கிறேன், அதனால் ‘மூஸ்’ படத்தின் சண்டைக்காட்சியைப் பற்றிப் பேசாமல் இருக்க முடியாது. இதுவரை யாரும் அதைத் தொடாதது ஆச்சரியம்.

ஒரு கட்டத்தில் கணவனுக்கு உண்மை தெரிந்துவிடுகிறது: தான் மயங்கிய பெண் தன் மனைவிதான். அவளுக்கு இன்னும் தெரியாது. உடனே அவளுக்குப் பாடம் புகட்டக் கிளம்புகிறான். பழைய பல்லை மறுபடி வாயில் மாட்டினால் அவன் கணவன், கழற்றினால் காதலன். கணவனும் காதலனும் வீட்டுக்குள் கட்டிப் புரளுவதாக மனைவி நம்பும்படி ஒற்றை ஆளாகச் சண்டை போடுகிறான். ஒருவன் போன கையோடு மற்றவன் வருகிறான். துரத்துகிறவனும் அவனே, ஓடுகிறவனும் அவனே.

இதை அதே காலத்தின் இன்னொரு சாதனையோடு வைத்துப் பார்க்க வேண்டும். கீட்டனின் ‘தி ப்ளேஹவுஸ்’ (1921) படத்தில் ஒரே சட்டகத்துக்குள் ஒன்பது கீட்டன்கள் வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள். ஒளிப்பதிவாளர் எல்ஜின் லெஸ்லி, லென்ஸின் முன்னால் மறைப்புகள் வைத்து, ஒவ்வொரு கீற்றாகத் திறந்து, பிலிமைத் திரும்பத் திரும்பப் பின்னுக்குச் சுற்றி எடுத்தார். அப்போது கேமராவைக் கையால்தான் சுழற்றினார்கள். ஒவ்வொரு தடவையும் அதே வேகத்தில் சுற்றவில்லை என்றால் ஒன்பது பேரும் ஒன்பது தாளத்தில் அசைவார்கள். எல்லாம் ஒரே ஆட்டமாகப் பொருந்தி வந்ததுதான் லெஸ்லியின் கைத்திறமை. (வீட்டுக்குள் ஆள்மாறாட்டம் அதிலும் உண்டு. கதாநாயகியும் அவள் சகோதரியும் இரட்டையர். எவளிடம் காதலைச் சொன்னோம் என்று தெரியாமல் திண்டாடி, கடைசியில் தன்னவளின் கழுத்தில் பெருக்கல் குறி போட்டுவைக்கிறார் கீட்டன்.)

சேஸ் அந்த வழிக்கே போகவில்லை. போகவும் முடியாது. கதைக்குள் ஏமாற்றுவது கேமரா அல்ல, கணவன். அந்த மனிதனால் ஒரே நேரத்தில் இரண்டு இடத்தில் இருக்க முடியாது. ஆகவே இரண்டு பேரும் சேர்ந்து முழுசாக நமக்குத் தெரியவே கூடாது, மனைவி மட்டும் இரண்டு பேரையும் பார்த்ததாக நம்ப வேண்டும். கதவு, சுவர், ஓட்டம், வேகம் இவற்றை மட்டும் வைத்துக்கொண்டு மெக்கேரியும் சேஸும் அதைச் சாதிக்கிறார்கள். நமக்கு இரட்டை வேலை: ஒரே ஆள்தான் என்று நமக்குத் தெரியும், ஆனாலும் ‘அடுத்து யார் அடிப்பார்’ என்று எதிர்பார்க்கிறோம். என்னிடம் வேலை கற்க வருகிற பிள்ளைகளுக்கு முதலில் நான் போட்டுக்காட்டுவது இந்தக் காட்சியைத்தான். வெட்டு என்பது எதைக் காட்டுவது என்பதில் மட்டுமல்ல, எதை நடுவில் விடுவது என்பதிலும் இருக்கிறது என்று இதைவிடத் தெளிவாகக் காட்ட எனக்கு வேறு காட்சி கிடைக்கவில்லை.

---

தாழம்பூ

கத்தரிமேசை அண்ணா, அந்தக் காட்சியின் திறமையில் எனக்குச் சந்தேகம் இல்லை. எனக்கு அதன் நியாயத்தில்தான் சங்கடம்.

இருவரும் ஒரே குற்றம் செய்தார்கள். இருவரும் கல்யாணத்தை மறைத்தார்கள், இருவரும் ஒளிந்து உடுத்தினார்கள், இருவரும் விருந்துக்குப் போனார்கள். உண்மை முதலில் தெரிந்தது அவனுக்கு என்ற ஒரே காரணத்தால் அவன் நீதிபதி ஆகிவிடுகிறான், அவள் குற்றவாளி ஆகிவிடுகிறாள். ‘எனக்கும் இதில் பங்கு உண்டு’ என்று அவன் நினைத்துப் பார்ப்பதாகவே இல்லை. அவள் பதறிக்கொண்டு நிற்க, அவன் தன் நாடகத்தை ரசித்து நடத்துகிறான். அந்தப் பத்து நிமிடம் எனக்குச் சிரிப்போடு கோபமும் வருகிறது.

---

மேடைப்பலகை

தாழம்பூ, அந்தக் கோபம் படத்துக்கு வெளியிலிருந்து வருவதாக நான் நினைக்கவில்லை, படமே அதற்கு இடம் வைத்திருக்கிறது. அவன் செய்வது நியாயம் என்று மெக்கேரி எங்கேயும் சொல்வதில்லை. அவன் அந்தச் சண்டையில் எவ்வளவு வியர்க்கிறான், எப்படி மூச்சு வாங்குகிறான் பாருங்கள். தன் மானத்தைக் காப்பாற்றத் தன்னையே அடித்துக்கொள்கிறவன். தண்டனையை அவளுக்குக் கொடுப்பதாக நினைத்துக்கொண்டு அடியெல்லாம் வாங்குவது அவன்தான். முடிவை இங்கே சொல்லவில்லை, பார்க்காதவர்கள் இருக்கிறார்கள். ஆனால் அவன் நீதிபதி நாற்காலியில் நிம்மதியாக உட்கார்ந்துவிடுவதாக எண்ண வேண்டாம்.

---

தாழம்பூ

அது சரி. ஆனாலும் இரண்டு வேடம் போடும் சந்தோஷம் அவனுக்குத்தானே கிடைத்தது? அவளுக்குக் கிடைத்தது பயப்படும் வேலை மட்டும். மனைவியாக வரும் விவியன் ஓக்லண்ட் எவ்வளவு நல்ல நடிகை! அந்த முதல் சந்திப்பில், புது மூக்கோடு உலகத்தை முதல்முறையாக நேராகப் பார்க்கும் பெண்ணின் கூச்சமும் தெம்பும் அவர் முகத்தில் சேர்ந்தே வருகின்றன. லாரல் ஹார்டியின் ‘தட்ஸ் மை வைஃப்’ (1929) படத்திலும் அவர்தான் ஹார்டியின் மனைவி. கோபித்துக்கொண்டு அவர் வெளியேறிவிட, பணக்கார மாமாவிடம் காட்டுவதற்காக லாரல் பெண் வேடம் போட்டு ‘மனைவி’ ஆகிறார். அங்கேயும் பாருங்கள், மனைவி போன பிறகுதான் மனைவி வேடமே சிரிப்பாகிறது. அந்தப் படத்துக்கு மேற்பார்வையாளரும் மெக்கேரிதான்.

---

புதுவரவு

எல்லோருக்கும் வணக்கம். இந்த இழையைப் படித்துவிட்டு ‘மூஸ்’ பார்த்தேன். நான் பார்த்த முதல் சார்லி சேஸ் படம் இது. சாப்ளின், கீட்டனைப் போல இவருக்கென்று ஒரு விசித்திர உடையோ தொப்பியோ இல்லை. ஆபீஸுக்குப் போகிற சாதாரண மனிதர் போல இருக்கிறார். அதனாலேயே இன்னும் பிடித்தது. அடுத்து எதைப் பார்க்கலாம்? இவர் யார் என்றும் கொஞ்சம் சொல்லுங்கள்.

---

பழஞ்சுருள்

வாருங்கள் தம்பி. சரியான இடத்தைத் தொட்டிருக்கிறீர்கள். உயரமான, மெல்லிய, நன்றாக உடுத்திய மனிதர், மெல்லிய மீசை. சர்க்கஸ் வேலை எதுவும் செய்யமாட்டார். அவருடைய படங்களில் சிரிப்பு வருவது அவமானத்துக்கு அஞ்சுவதிலிருந்து. ‘பார்க்கிறவர்கள் என்ன நினைப்பார்கள்’ என்ற பதற்றம்தான் அவருடைய மூலதனம்.

இயற்பெயர் சார்ல்ஸ் பாரட். 1893-இல் பால்டிமோரில் பிறந்தவர். நடிகராகப் புகழ்பெறும் முன்பே ரோச் ஸ்டூடியோவில் இயக்குநர்களை மேற்பார்வையிடும் பொறுப்பில் இருந்தார். தம்பி ஜேம்ஸ் பாரட்டும் இயக்குநர். லாரல் ஹார்டி நடித்து ஆஸ்கர் வாங்கிய ‘தி மியூசிக் பாக்ஸ்’ தம்பி இயக்கியதுதான். மெக்கேரிக்குத் தொழில் கற்றுக்கொடுத்தவர்களில் சேஸுக்கு முதலிடம் உண்டு. பேசும்படம் வந்த பிறகும் தாக்குப்பிடித்தார், பாடவும் செய்தார். குடி உடம்பைத் தின்றது. 1940-இல், 46 வயதில், மாரடைப்பில் போய்விட்டார். இன்னும் இருபது வருடம் இருந்திருக்க வேண்டிய மனிதர். அவர் பெயர் மற்ற மூவரோடு சேர்ந்து ஒலிக்காமல் போனதற்கு ஒரு காரணம், மௌனக் காலத்தில் அவர் நீளப்படங்களில் நாயகனாக நிலைக்காமல் குறும்படங்களிலேயே இருந்ததுதான். அது அவர் கலைக்குக் குறையே அல்ல.

அடுத்து ‘கிரேஸி லைக் எ ஃபாக்ஸ்’ பாருங்கள். அதுவும் 1926, அதே சேஸ்-மெக்கேரி ஜோடி. பெற்றோர்கள் கல்யாணத்தை நிச்சயம் செய்துவிடுகிறார்கள், பெண்ணும் பையனும் ஒருவரை ஒருவர் பார்த்ததில்லை. இருவரும் தற்செயலாக வெளியே சந்தித்துக் காதலிக்கிறார்கள். நிச்சயித்த கல்யாணத்திலிருந்து தப்பிக்கப் பையன் பெண் வீட்டுக்குப் போய்ப் பைத்தியமாக நடிக்கிறான். பிறகுதான் தெரிகிறது, எவளுக்காகத் தப்பிக்கிறானோ அவள்தான் மணப்பெண். பைத்தியம் என்று வீடே நம்பிவிட்டது, இனி எப்படித் தெளிவது? இந்தப் படத்தில் ஆலிவர் ஹார்டி ஒரு சின்ன வேடத்தில் வருவார், கண்ணைத் திறந்து வையுங்கள்.

அப்புறம் ‘மம்ஸ் தி வேர்ட்’, அதுவும் அதே வருடம். விதவைத் தாய் மறுமணம் செய்துகொள்கிறாள், வளர்ந்த மகன் இருப்பதைப் புதுக் கணவனிடம் சொல்லவில்லை. மகன் வந்து நிற்கிறான். வேலையாள் என்று சொல்லி வீட்டுக்குள் வைத்துக்கொள்கிறாள். தாயும் மகனும் ஒளிந்து அன்பு காட்டுவதைப் பார்க்கிற கணவனுக்கு அது வேறு மாதிரித் தெரிகிறது. இங்கேயும் குரலின் கதைதான்: கணவனுக்குக் காட்சி மட்டும் எட்டுகிறது, பேச்சு எட்டுவதில்லை. ‘அம்மா’ என்ற ஒரு சொல் அவன் காதில் விழுந்தால் எல்லாம் தீர்ந்துவிடும். அதாவது அவனும் நம்மைப் போல ஒரு மௌனப்படம்தான் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

---

கத்தரிமேசை

புதுவரவுக்கு இரண்டு குறிப்பு. முதலாவது, ‘மூஸ்’ 2022 ஜனவரி 1 முதல் அமெரிக்காவில் பதிப்புரிமை நீங்கிப் பொதுச்சொத்து, 1926-இல் வந்த மற்ற படங்களும் அப்படியே. அதனால் இணையத்தில் பல பிரதிகள் கிடைக்கும். கண்டதைப் பார்க்காதீர்கள். மங்கலான பிரதியில் சேஸின் கண்ணசைவு போய்விட்டால் பாதிப் படம் போய்விட்டது. இரண்டாவது, வேகம். தவறான வேகத்தில் ஓட்டிய பிரதியில் எல்லோரும் பொம்மைபோல் துள்ளுவார்கள். மெக்கேரியின் சிரிப்பு துள்ளலில் இல்லை, ஒருவர் புரிந்துகொள்ள எடுத்துக்கொள்ளும் அந்த அரை நொடித் தாமதத்தில் இருக்கிறது. 2007-இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இந்தப் படத்தைச் சேர்த்தார்கள். அந்த மதிப்புக்கேற்ற பிரதியில் பாருங்கள்.

---

டிக்காஷன்

பழஞ்சுருள் முதலில் சொன்ன ஒன்றுக்குத் திரும்பி வருகிறேன். பேசும்படத்தில் இப்படி எடுக்கவே முடியாது என்றீர்கள். மெக்கேரியே எடுத்திருக்கிறாரே? 1937-இல் ‘தி ஆஃபுல் ட்ரூத்’. அவருக்குச் சிறந்த இயக்குநர் ஆஸ்கர் வாங்கித்தந்த படம். அதிலும் கணவன் மனைவி, அதிலும் சந்தேகம், அதிலும் ஆள்மாறாட்டம். விவாகரத்து முடியப்போகிற நேரத்தில், கணவன் கேரி கிராண்ட் கட்டிக்கொள்ளப் போகும் பணக்காரப் பெண்ணின் வீட்டுக்கு, மனைவி ஐரீன் டன் அவனுடைய ‘தங்கை’ என்று சொல்லிக்கொண்டு நுழைகிறாள்.

---

பழஞ்சுருள்

நான் ‘இப்படி’ என்றுதான் சொன்னேன் சார், அந்தச் சொல்லில் நிற்கிறேன். ஐரீன் டன் அந்தக் காட்சியில் என்ன மாற்றுகிறார் என்று பாருங்கள். முகம் அதேதான், மூக்கும் பல்லும் இருந்தபடியே இருக்கின்றன. மாறுவது பேச்சு: பேசும் தோரணை, உரத்த சிரிப்பு, பாட்டு. கௌரவமான மனைவி, கொச்சையாகப் பேசும் மேடைப்பாடகி ஆகிவிடுகிறாள். 1926-இல் பல்லை மாற்றியதால் ஆள் மாறியது. 1937-இல் குரலை மாற்றியாக வேண்டியிருக்கிறது. அதுவும் ஏமாறுவது அவளை முன்பு பார்த்திராத பணக்காரக் குடும்பம்தான். கணவன் ஒரு நொடிகூட ஏமாறவில்லை, ஏமாற்றவும் முடியாது.

---

தாழம்பூ

இந்தப் பதிலுக்காகத்தான் காத்திருந்தேன் போலிருக்கிறது. அந்தக் காட்சியில் வேடம் போடுவது மனைவி. பதறிக்கொண்டு உட்கார்ந்திருப்பது கணவன். உண்மை அவன் ஒருவனுக்குத் தெரியும், ஆனால் சொல்ல வழியில்லை. திருமதி மூஸுக்கு 1926-இல் கிடைக்காத சந்தோஷத்தை, பதினொரு வருடம் கழித்து அதே இயக்குநர் இன்னொரு மனைவிக்குக் கொடுத்திருக்கிறார். இன்று ராத்திரி இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்கப்போகிறேன், முதலில் ‘மூஸ்’.